மூன்று படங்களை ஒன்றாக வைத்திருந்தவர்கள்

வண்ணத் தொலைக்காட்சி பிறந்த கதையை எழுதுகிறவர்கள் பெரும்பாலும் ஆர்சிஏ என்ற மின்னணு நிறுவனத்தின் டேவிட் சார்னாஃபுக்கும் போட்டி ஒளிபரப்பு நிறுவனமான சிபிஎஸ்ஸுக்கும் நடந்த மல்லுக்கட்டில் ஆரம்பிப்பார்கள். 1950 அக்டோபரில் சிபிஎஸ்ஸின் சுழல்சக்கர முறைக்கு அமெரிக்கத் தொலைத்தொடர்பு ஆணையமான எஃப்சிசி அனுமதி கொடுத்தது, 1951 ஜூன் 25 அன்று தொடங்கிய அந்த ஒளிபரப்பு அக்டோபரிலேயே நின்றது, 1953 டிசம்பர் 17 அன்று, கறுப்பு வெள்ளைப் பெட்டியிலும் தெரியும் என்டிஎஸ்சி முறை அங்கீகாரம் பெற்றது என்று போய், அத்தோடு கதை முடிந்துவிடும். எனக்கோ அந்தத் தேதிக்கு மறுநாளிலிருந்துதான் கதை சூடுபிடிக்கிறது. அன்றைக்குக் கிடைத்தது காகிதத்தில் எழுதிய தரம். அதை ஒரு நடிகையின் கன்னத்தில் நிறமாகக் காட்டவும், ஒன்றரை மணி நேர நேரலை முழுக்க அந்த நிறம் மாறாமல் வைத்திருக்கவும், கண்ட்ரோல் ரூமில் ஓர் ஆள் உட்கார்ந்து குமிழ்களைத் திருகிக்கொண்டே இருக்க வேண்டியிருந்தது. வீடியோ ஆபரேட்டர், வீடியோ இன்ஜினியர், ஷேடர் என்று அவருக்குப் பல பெயர்கள். நிகழ்ச்சி முடிவில் ஓடும் பெயர்ப்பட்டியலில் டெக்னிக்கல் டைரக்டர் வரைக்கும் இடம் கிடைக்கும். இவருக்கு அநேகமாகக் கிடைக்காது. ஆனால் 1954 முதல் பத்துப் பன்னிரண்டு ஆண்டுகள் அமெரிக்க வீடுகளுக்குப் போன வண்ணத்தைத் தீர்மானித்தது இவர் கைதான். ஏன் அப்படிச் சொல்கிறேன் என்பது அந்த இயந்திரத்தைத் திறந்து பார்த்தால் புரியும்.

ஆர்சிஏவின் வண்ணக் கேமராவான டிகே-40, அதைத் தொடர்ந்து 1954இல் வந்த டிகே-41, இரண்டும் ஏறத்தாழ ஒரே அமைப்பு. கேமராவின் தலைப்பகுதி மட்டும் சுமார் 300 பவுண்டு, அதாவது 135 கிலோவுக்கு மேல். உள்ளே, ஒளியை மின் சிக்னலாக மாற்றும் இமேஜ் ஆர்த்திகான் ட்யூப்கள் ஒன்றுக்கு மூன்றாக. லென்ஸ் வழியாக வரும் ஒளியை டைக்ரோயிக் கண்ணாடிகள் சிவப்பு, பச்சை, நீலம் என்று பிரித்து ஆளுக்கொரு ட்யூபுக்கு அனுப்பும். ஆக, எடுக்கப்படுவது ஒரு படமல்ல. மூன்று தனித்தனிக் கறுப்பு வெள்ளைப் படங்கள். மூன்றையும் ஒன்றின்மேல் ஒன்று பொருத்தினால்தான் வண்ணம். பழைய சிவகாசிக் காலண்டரில் சிவப்பு மை கொஞ்சம் தள்ளி விழுந்து, முருகனின் உதடு கன்னத்துக்கு நகர்ந்திருக்குமே, அதே கோளாறு இங்கே நொடிக்கு நொடி நிகழக் காத்திருக்கும். அச்சகத்தில் பிளேட்டை ஒருமுறை இறுக்கினால் ஆயிரம் பிரதி ஓட்டலாம். இங்கே பிளேட்டே சூட்டில் நெளிந்துகொண்டிருக்கும்.

இந்த நாற்காலிக்கு வந்தவர்களின் பாதை கிட்டத்தட்ட ஒன்றுதான். சிறு வயதில் அமெச்சூர் வானொலி, இரண்டாம் உலகப் போரில் ராணுவத்திலோ கடற்படையிலோ ரேடார் பயிற்சி, போர் முடிந்ததும் நியூயார்க்கின் ஆர்சிஏ இன்ஸ்டிட்யூட்ஸ் போன்ற தொழிற்பள்ளி. கையில் எஃப்சிசியின் முதல்நிலை ரேடியோடெலிஃபோன் உரிமம் இருந்தால் நிலையங்களில் மதிப்பு. ஆர்சிஏவின் ஒளிபரப்பு நிறுவனமான என்பிசியில் சேர்ந்தால் நேபெட் தொழிற்சங்கம், சிபிஎஸ்ஸில் சேர்ந்தால் ஐபிஇடபிள்யூ. முதல் சில ஆண்டுகள் கறுப்பு வெள்ளைக் கேமராக்களில் கை பழக வேண்டும். ஐகானஸ்கோப் என்ற பழைய கேமரா ட்யூப் இருந்த காலத்தில் படத்தின் ஒரு மூலை தானாகவே இருண்டுபோகும். அதற்கு எதிரான ரம்பப்பல் அலையையும் பரவளைய அலையையும் கலந்து சமன்செய்யவே ஓர் ஆள் வேண்டியிருந்தது. அப்படிப் பழகிய கைகள்தான் வண்ணத்துக்கு வந்தன. ரேடார் படித்தவர்களுக்குக் கூடுதல் வசதி: ஆஸில்லாஸ்கோப் திரையில் ஓடும் கோட்டைப் பார்த்தே சுற்றில் எங்கே கோளாறு என்று சொல்லும் பழக்கம் அவர்களுக்கு ஏற்கெனவே இருந்தது.

ஒரு வண்ணக் கேமராவை ஒளிபரப்புக்குத் தயார் செய்வது சில மணி நேர வேலை. அதில் முதல் பகுதி வெறும் காத்திருப்பு. லென்ஸை மூடி வைத்து, மின்சாரம் கொடுத்து, ட்யூப்கள் சூடாக விட வேண்டும். இமேஜ் ஆர்த்திகானில் காட்சி மின்னேற்றமாகப் பதியும் டார்கெட் என்பது மிக மெல்லிய கண்ணாடித் தகடு. அது சுமார் 35 டிகிரி செல்சியஸுக்குக் கீழே இருந்தால் மின்னேற்றம் தகட்டின் ஒரு பக்கத்திலிருந்து மறுபக்கம் சரியாகப் போகாது. முந்தைய காட்சியின் நிழல் எதிர்மறையாக ஒட்டிக்கொண்டு நிற்கும். சூடு அளவு மீறினாலோ மின்னேற்றம் பக்கவாட்டில் கசிந்து படத்தின் கூர்மை போய்விடும். அவசரப்பட்டு அரைகுறைச் சூட்டில் ரெஜிஸ்ட்ரேஷன் (மூன்று படங்களையும் ஒன்றின்மேல் ஒன்று பொருத்துவது) செய்தால் அது வீண் உழைப்பு. ஒரு மணி நேரத்தில் எல்லாம் நகர்ந்திருக்கும், முதலிலிருந்து தொடங்க வேண்டும்.

சூடான பிறகு ஒவ்வொரு ட்யூபாக டார்கெட் வோல்டேஜ். படம் மறையும் புள்ளியைக் கண்டுபிடித்து, அதற்கு மேல் சுமார் 2 வோல்ட் வைப்பார்கள். அடுத்து பீம். காட்சியின் மிக வெளிச்சமான இடத்தைத் துடைக்கும் அளவுக்கு மட்டும் எலெக்ட்ரான் கற்றை வேண்டும். குறைந்தால் வெள்ளைச் சட்டை கூழாகிவிடும், கூடினால் இரைச்சல். இமேஜ் ஆர்த்திகானின் பெரிய தொல்லை இதுதான்: டார்கெட்டில் செலவாகாமல் திரும்பி வரும் கற்றைதான் சிக்னல். இருண்ட இடங்களில்தான் அது அதிகமாகத் திரும்பும். ஆகவே இரைச்சல் முழுவதும் கறுப்பில் போய் உட்காரும். ஒற்றை ட்யூப் கேமராவில் அது வெறும் சாம்பல் புழுதி. மூன்று ட்யூப் கேமராவில் கறுப்புக் கோட்டுக்குள் சிவப்பும் நீலமுமாய் எறும்பு ஊரும்.

வெளிச்சத்திலும் ஒரு எல்லை உண்டு. இந்த ட்யூபில் ஒளி கூடக் கூட சிக்னல் நேராக ஏறி, ஓரிடத்தில் மடிந்து தட்டையாகும். அந்த மடிப்பை ‘நீ’ (knee, முழங்கால்) என்பார்கள். கறுப்பு வெள்ளையில் நீயைத் தாண்டி ஓட்டினாலும் படம் பளிச்சென்று இருக்கும். வண்ணத்தில் அப்படிச் செய்ய முடியாது. மூன்றில் சிவப்பு ட்யூப் முதலில் நீயைத் தொட்டால், நடிகரின் நெற்றியில் ஒளி பளபளக்கும் இடம் நீலப்பச்சையாக மாறும். அதனால் மூன்றும் ஒரே ஒளி அளவில் நீயை நெருங்கும்படி, வலுவான சேனல்களின் முன்னே சாம்பல் ஃபில்டர் போட்டு மட்டுப்படுத்தி, மொத்த வெளிச்சத்தை லென்ஸின் ஐரிஸில் (ஒளி நுழையும் துளை) கட்டுப்படுத்துவார்கள். டங்ஸ்டன் விளக்கில் நீலம் குறைவு என்பதால் நீலச் சேனல்தான் எப்போதும் பட்டினி. அதன் பசிக்கேற்ப ஸ்டூடியோவுக்குச் சுமார் 400 ஃபுட்கேண்டில், அதாவது 4,300 லக்ஸ் வெளிச்சம் தேவைப்பட்டது. நடிகர்களின் ஒப்பனை வியர்வையில் கரைந்ததற்கும் அதுவே காரணம்.

இனி ரெஜிஸ்ட்ரேஷன். கட்டம் கட்டமாகக் கோடு போட்ட சார்ட்டைக் கேமராவுக்கு முன் நேராக நிறுத்துவார்கள். பச்சைதான் அளவுகோல், அதன் அகலம், உயரம், நேர்மை எல்லாவற்றையும் முதலில் சரிசெய்து, அதற்கப்புறம் அதைத் தொடக்கூடாது. பச்சைப் படத்தை நேராகவும் சிவப்புப் படத்தைக் கறுப்பு வெள்ளை மாற்றி நெகட்டிவாகவும் கறுப்பு வெள்ளை மானிட்டருக்கு ஒன்றாக அனுப்பினால், இரண்டும் பொருந்தும் இடங்களில் கோடுகள் ஒன்றையொன்று தின்றுவிட்டு வெறும் சாம்பல் மிஞ்சும். பொருந்தாத இடத்தில் கோட்டின் ஒரு பக்கம் கறுப்பும் மறுபக்கம் வெள்ளையுமாய்ப் புடைத்துத் தெரியும். முதலில் நடுப்புள்ளி, பிறகு அகலம், உயரம். அதன் பின் லீனியாரிட்டி (கட்டங்கள் எங்கும் ஒரே அளவில் இருப்பது). சாய்வு இருந்தால் ஸ்க்யூ. படம் சுழன்றிருந்தால் கற்றையை நகர்த்தும் டிஃப்ளெக்ஷன் காயிலையே கையால் திருப்ப வேண்டும். அகலத்தைத் தொட்டால் நடு நகரும், நடுவைத் திருத்தினால் ஓரம் விலகும். ஆகவே இதே வரிசையில் இரண்டு மூன்று சுற்று. சிவப்பு பச்சையோடு படிந்த பிறகுதான் நீலம்.

நான்கு மூலைகளும் முழுமையாகப் பொருந்துவது அபூர்வம். மூன்று ட்யூப்களின் வடிவப் பிழைகள் ஒன்றுபோல இருந்தால்தான் அது கைகூடும். அதற்காகவே ட்யூப்களை மும்மூன்றாகச் சேர்த்துப் பார்த்துத் தேர்ந்தெடுப்பார்கள். ஒன்று செத்தால் மாற்று ட்யூப் மற்ற இரண்டோடு ஒத்துப்போகுமா என்பது அடுத்த கவலை. சில நூறு மணி நேரமே உழைக்கும் பொருள் அது. அனுபவசாலி மூலையோடு மல்லுக்கட்ட மாட்டார். முகங்கள் வருவது நடுப்பகுதியில். அங்கே கோடு மறைந்துவிட்டதா என்று பார்த்து, மிச்சப் பிழையை ஓரங்களுக்குத் தள்ளிவிடுவார். இதை நான் மிகச் சரியான முடிவாகவே நினைக்கிறேன்.

ரெஜிஸ்ட்ரேஷன் பிசகினால் கெடுவது வண்ணம் மட்டுமல்ல என்பதைப் பலர் கவனிப்பதில்லை. என்டிஎஸ்சியில் கறுப்பு வெள்ளைப் பெட்டிக்குப் போகும் லூமினன்ஸ் (ஒளியளவு) சிக்னலே மூன்று ட்யூப்களின் கலவைதான்: சிவப்பில் 30 சதவீதம், பச்சையில் 59, நீலத்தில் 11. 1954இல் ஆர்சிஏவின் சிடி-100 வண்ணப் பெட்டி 1,000 டாலர். பார்வையாளர்களில் மிகப் பெரும்பாலோர் வைத்திருந்தது கறுப்பு வெள்ளைப் பெட்டி. சிவப்பும் பச்சையும் படத்தின் அகலத்தில் கால் சதவீதம் விலகினால், நேரக் கணக்கில் அது ஏறக்குறைய 130 நானோசெகண்ட். 4 மெகாஹெர்ட்ஸ் அலையில் அரைச் சுற்றுக்கு 125 நானோசெகண்ட்தான். அதாவது கண்ணிமை, தலைமுடி போன்ற நுண்விவரங்கள் ஒரு ட்யூபில் வெள்ளையாகவும் மற்றதில் கறுப்பாகவும் விழுந்து ஒன்றையொன்று அழித்துவிடும். வண்ண நிகழ்ச்சிகள் பழைய பெட்டியில் மங்கலாகத் தெரிவதாக வீட்டில் இருப்பவர் நினைத்தால், அதற்குப் பொறுப்பு இந்தக் கால் சதவீதம். நீலத்தின் பங்கு 11 சதவீதம் என்பதால் அதன் விலகல் மட்டும் கொஞ்சம் மன்னிக்கப்படும்.

சார்ட்டை ரொம்ப நேரம் முன்னால் வைத்திருப்பதும் ஆபத்து. அசையாத காட்சியைப் பார்த்துக்கொண்டே இருந்தால் இமேஜ் ஆர்த்திகானில் அது பதிந்துபோகும். ரெஜிஸ்ட்ரேஷன் கட்டங்கள் பதிந்த ட்யூபோடு நேரலைக்குப் போனால் நாயகி முகத்தில் கம்பி வலை. மூன்று ட்யூபும் ஒரே அளவில் பதியாது என்பதால் வலைக்கு நிறமும் இருக்கும். மருந்து ஒன்றே: ஃபோகஸ் செய்யாமல் வெளிச்சமான வெள்ளைப் பரப்பைக் கேமராவுக்குக் காட்டிவிட்டு, அது தெளியும் வரை காத்திருப்பது.

அடுத்தது சாம்பல் படிகள். கறுப்பிலிருந்து வெள்ளை வரை படிப்படியாக நிறமேறும் சார்ட். லென்ஸை மூடி மூன்று பிளாக் லெவலையும் (கறுப்பின் அளவு) ஒன்றாக்குவது, வெள்ளைப் படியில் மூன்று கெய்னையும் (சிக்னலைப் பெருக்கும் அளவு) சமமாக்குவது, நடுப்படிகளில் காமாவை (நடுச் சாம்பல்கள் ஏறும் வளைவு) பொருத்துவது. மூன்றும் சரியாக இருந்தால் சாம்பலுக்கு நிறமே இல்லை. நிறம் இல்லையென்றால், நிறத்தைச் சுமக்கும் துணை அலையான சப்கேரியரும் இல்லை. சிக்னலை அலைவடிவமாகக் காட்டும் வேவ்ஃபார்ம் மானிட்டரில் ஒவ்வொரு படியும் மெல்லிய கோடாக நிற்கும். எந்தப் படி தடித்துத் தெரிகிறதோ அங்கே சாயம் ஏறியிருக்கிறது. கறுப்பில் தடித்தால் நிழல்கள் நிறம் மாறும். வெள்ளையில் தடித்தால் சட்டை. நடுவில் தடித்தால் முகம், அதுதான் விபரீதம். கண்ணை மட்டும் நம்பி இதைச் செய்யக் கூடாது. கண்ட்ரோல் ரூம் வண்ண மானிட்டருக்கும் தன் சொந்த நோய்கள் உண்டு. மானிட்டர் கொஞ்சம் இளஞ்சிவப்பாக இருந்தால், ஆபரேட்டர் தன்னையறியாமல் எல்லாக் கேமராவையும் பச்சைக்குத் தள்ளிவிடுவார். முதலில் அலைவடிவம், கடைசியில்தான் கண்.

கண்ணுக்கு வேலை வருவது மனித முகத்தில். சார்ட்டில் எல்லாம் ஒத்துப்போன இரண்டு கேமராக்கள் ஒரே முகத்தைக் காட்டும்போது ஒத்துப்போகாமல் இருக்கலாம். டைக்ரோயிக் பூச்சிலும் ட்யூபின் நிற உணர்விலும் இருக்கும் சிறு வேறுபாடுகளைச் சாம்பல் சார்ட் காட்டிக் கொடுக்காது. அதனால் நிகழ்ச்சிக்கு முன் ஓர் ஆள் விளக்கொளியில் பொறுமையாக உட்கார வேண்டும். என்பிசியில் இந்த வேலையைச் செய்த மேரி மக்நமாராவும், சிபிஎஸ்ஸின் முந்தைய முறைக்கு உட்கார்ந்த பாட்டி பெயின்டரும் அந்தக் காலத்தில் ஓரளவு பெயர் பெற்றவர்கள். மிக நிலையான கேமராவை முன்மாதிரியாக வைத்துக்கொண்டு, மற்றவற்றை அந்த முகத்துக்கு இழுத்து வருவார்கள். நான்கு கேமரா இருக்கும் ஸ்டூடியோவில் பன்னிரண்டு ட்யூப்கள் ஒரே கன்னத்தைப் பற்றி ஒரே கருத்துக்கு வர வேண்டும்.

கேமராவுக்குப் பின்னால் கலர்ப்ளெக்சர். மூன்று சிக்னலையும் 3.579545 மெகாஹெர்ட்ஸ் சப்கேரியரில் ஏற்றித் தருவது அதுதான். நிறத்தின் சாயல் சப்கேரியரின் கட்டக் கோணத்தில் (ஃபேஸ்) இருக்கிறது. வரியின் தொடக்கத்தில் வரும் பர்ஸ்ட் என்ற சில சுற்றுக் குறிப்பலையோடு ஒப்பிட்டுத்தான் வீட்டுப் பெட்டி அந்தக் கோணத்தைப் படிக்கிறது. இங்கே கேபிளின் நீளமே நிறமாகிவிடுகிறது. ஒரு டிகிரி என்பது 0.78 நானோசெகண்ட், சாதாரணக் கோஆக்ஸியல் கேபிளில் அது சுமார் 15 சென்டிமீட்டர். எல்லாக் கேமராவும், அவற்றில் ஒன்றைத் தேர்ந்து ஒளிபரப்புக்கு அனுப்பும் ஸ்விட்சருக்கு ஒரே கோணத்தில் வந்து சேர வேண்டும். பர்ஸ்ட் ஒரு வழியில் வந்து, சப்கேரியர் 3 மீட்டர் கூடுதலாகச் சுற்றி வந்தால் 20 டிகிரி விலகல்: முகம் ஒரு பக்கம் போனால் பச்சை, மறுபக்கம் போனால் ஊதா. புதிதாக ஒரு ராக் (கருவி அடுக்கு) மாற்றி வைத்தவர் கேபிளை நீட்டிவிட்டு யாரிடமும் சொல்லாமல் போனால், அன்று மாலை ஆபரேட்டர் கலர்ப்ளெக்சரைக் குற்றம் சாட்டியபடி அரை மணி நேரம் தொலைப்பார். கேபிள் நீளங்களை எழுதி ராக்கின் கதவில் ஒட்டி வைத்திருப்பது நல்ல நிலையத்தின் அடையாளம்.

விளக்குக்காரரோடும் உடைக்காரரோடும் இவர் நல்லுறவு வைத்திருந்தே ஆக வேண்டும். டங்ஸ்டன் விளக்கில் ஒரு வோல்ட் குறைத்தால் நிறவெப்பம் (ஒளியின் சாயலைச் சொல்லும் அளவு) சுமார் 10 கெல்வின் இறங்கும். கறுப்பு வெள்ளையில் டிம்மரை இஷ்டப்படி இறக்கியவர்கள் வண்ணத்தில் அதே பழக்கத்தோடு வந்தால் எல்லோரும் செம்பு நிறமாவார்கள். டிம்மருக்குப் பதில் வலைத்துணி போட்டு வெளிச்சத்தைக் குறைப்பதுதான் வழி. உடையில் சுத்த வெள்ளை ஆகாது. ஒளியில் 60 சதவீதம் திருப்பும் பொருள்தான் தொலைக்காட்சியின் வெள்ளை, 3 சதவீதம் கறுப்பு. இருபதுக்கு ஒன்று என்ற அந்த இடைவெளிக்குள் எல்லாம் அடங்க வேண்டும். ஜிகினா, பித்தளைப் பொத்தான் போன்றவை டார்கெட்டிலிருந்து எலெக்ட்ரான்களைச் சிதறடித்து, தம்மைச் சுற்றிக் கறுப்பு வளையம் போட்டுக்கொள்ளும்.

நேரலை தொடங்கிவிட்டால் சார்ட் கிடையாது. நியூயார்க்கில் கொலோனியல் தியேட்டர், 1954 செப்டம்பர் 12 முதல் புரூக்ளின் ஸ்டூடியோ, 1955 மார்ச் 27இல் திறந்த கலிஃபோர்னியாவின் பர்பேங்க் ஆகிய இடங்களிலிருந்து என்பிசி ஒன்றரை மணி நேர வண்ண நிகழ்ச்சிகளை நேரலையாகக் கொடுத்தது. ஏசி திணறி அறை சூடாகும், மின்னணு வால்வுகளின் அளவுகள் நகரும். டைரக்டர் அடுத்த கேமராவைச் சொல்வதை இன்டர்காமில் கேட்டு, அது ஒளிபரப்புக்கு வரும் முன்னே மூன்று பிளாக் லெவலையும் நடுப்புள்ளியையும் திருத்திவிட வேண்டும். ஒளிபரப்பில் இருக்கும் கேமராவில் கை வைப்பது கடைசி வழி. மெதுவாக நகரும் நிறத்தைப் பார்ப்பவர் கண் பொறுத்துக்கொள்ளும், சட்டென்று குதிக்கும் திருத்தத்தைப் பொறுக்காது.

வெளியரங்கம் இதைவிடக் கடினம். 1954 ஜனவரி 1 அன்று பாசடீனாவின் ரோஜா ஊர்வலம் நாட்டின் ஒரு கரையிலிருந்து மறு கரைக்கு வண்ணத்தில் போனது. 3000 கெல்வின் விளக்குக்குப் பழகிய கேமரா சூரிய ஒளியில் நீலமாகிவிடும், ஃபில்டர் வேண்டும். மேகம் மறைத்தால் மறுபடி எல்லாம் மாறும். அதோடு படம் கண்டம் தாண்டிப் போகும் வழியில் தொலைபேசி நிறுவனமான ஏடி அண்ட் டியின் இணைப்புகள். அவற்றில் டிஃபரென்ஷியல் ஃபேஸ் கோளாறு இருந்தால் வெளிச்சம் மாற மாற நிறக் கோணமும் மாறும்: நிழலில் சரியாக இருக்கும் முகம் வெயிலுக்கு வந்ததும் வேறு சாயல் கொள்ளும். ஸ்டூடியோ ஆபரேட்டரால் இதற்கு எதுவும் செய்ய முடியாது. தன் பக்கம் சரி என்று நிரூபிக்க மட்டுமே முடியும், அதற்கும் வேவ்ஃபார்ம் மானிட்டர்தான் சாட்சி.

1965 வாக்கில் பிளம்பிகான் என்ற புதுவகை ட்யூப் கொண்ட கேமராக்கள் ஸ்டூடியோக்களுக்குள் வந்தன. வளையம் இல்லை, படம் பதிவதில்லை, கறுப்பு சுத்தம். ரெஜிஸ்ட்ரேஷன் மட்டும் கூடவே வந்தது. 1982இல் இந்தியாவும் இலங்கையும் வண்ண ஒளிபரப்பைத் தொடங்கியபோது இரண்டும் எடுத்துக்கொண்ட பால் (PAL) முறையில் கட்டக் கோணப் பிழை வரிக்கு வரி எதிர்த்திசையில் விழுந்து சமனாகிவிடும். ஆனால் கேமராவுக்குள் மூன்று ட்யூப் இருந்தவரை கட்டச் சார்ட்டுக்கு ஓய்வு கிடைக்கவில்லை. 1984இல் ஆர்சிஏவே கொண்டுவந்த சிசிடி கேமராவில் ட்யூபுக்குப் பதிலாக வந்த மூன்று சென்சாரும் தொழிற்சாலையிலேயே ப்ரிஸத்தில் ஒட்டப்பட்டன. ரெஜிஸ்ட்ரேஷன் குமிழுக்கு இனி வேலை இல்லை.

அந்தக் கால ஆபரேட்டர்களின் கைவேலையை இன்று பார்க்க வழி உண்டு. 1958 அக்டோபர் 17 அன்று பர்பேங்கிலிருந்து ஒளிபரப்பான ஃப்ரெட் ஆஸ்டேரின் நடன நிகழ்ச்சி வண்ண வீடியோ டேப்பில் பதிவானது; 1988இல் எட் ரைட்டன் உள்ளிட்ட குழு அதை மீட்டெடுத்தது. பார்க்கும்போது முதலில் திரையின் ஓரங்களைக் கவனியுங்கள்: செங்குத்து விளிம்புகளில் சிவப்போ பச்சையோ கசிகிறதா என்று. பிறகு நடுவில் ஆடுபவரின் முகத்தை, கேமரா மாறும் வெட்டுக்கு முன்னும் பின்னும். கடைசியாகக் கறுப்பு உடையின் மடிப்புகளில் ஊரும் நிற இரைச்சலை.